கிம் ஹே-சுக்: கை ஓயாத அம்மாக்கள்

"கொரியத் தொடர்களில் நாயகன், நாயகி அல்லாத மூத்த நடிகர் ஒருவரின் நடிப்பைப் பற்றி விரிவாக எழுத முடியுமா?" என்பது கேள்வி. எனக்கு யோசிக்கவே தேவையிருக்கவில்லை. கிம் ஹே-சுக்கைப் பற்றித்தான் எழுதுவேன். பெயர் தெரியாதவர்களுக்கும் முகம் தெரிந்திருக்கும். 'ஸ்டார்ட்-அப்' தொடரின் பாட்டி, 'ஹாஸ்பிடல் பிளேலிஸ்ட்' தொடரின் ரோசா அம்மா, 'அண்டர் தி குயின்ஸ் அம்ப்ரெல்லா'வின் ராஜமாதா ஆகிய மூவரும் இவரே. (அந்த மூன்றாவது தொடரில் ராணியாக நடித்தவர் கிம் ஹை-சூ. தமிழில் எழுதும்போது இரு பெயர்களும் ஒன்றுபோலத் தெரிவதால் குழப்பம் நேர்கிறது. இவர் வேறு, அவர் வேறு.)

'துணை நடிகை' என்ற சொல்லை நான் வேண்டுமென்றே தவிர்க்கிறேன். நம் ஊரில் அந்தச் சொல், கூட்டத்தோடு கூட்டமாக வந்து நிற்பவர்களைக் குறிப்பதாகச் சுருங்கிவிட்டது. இவருக்குப் பொருந்துவது 'குணச்சித்திர நடிகை' என்ற பழைய சொல்தான்.

1955 டிசம்பரில் பூசான் நகரில் பிறந்த கிம் ஹே-சுக், 1974-இல் எம்பிசி தொலைக்காட்சியின் ஏழாவது நடிகர் அணியில் தேர்வாகித் தொழிலுக்கு வந்தவர். அந்நாள்களில் கொரியத் தொலைக்காட்சி நிலையங்கள், அலுவலகப் பணிக்கு ஆள் எடுப்பதுபோலத் தேர்வு நடத்தி நடிகர்களை அணி அணியாகச் சேர்த்துக்கொண்டன. அவ்வாறு சேர்ந்தவர்களை 'டேலண்ட்' என்றே அழைத்தார்கள். எந்த அணியில் வந்தவர் என்பது இன்றும் அவர்களுக்குள் மூப்பைத் தீர்மானிக்கும் செய்தியாக இருக்கிறது. தொலைக்காட்சி நடிகைக்கு அங்கே அம்மா வேடம் சீக்கிரமே வந்துவிடும். 1980-இல் எம்பிசியில் தொடங்கி 22 ஆண்டுகள் ஓடிய ஒரு கிராமத்துத் தொடரில், மறைந்த கிம் சூ-மி முப்பதின் தொடக்க வயதிலேயே நரைமுடி வைத்துக் கிழவியாக நடித்தார் என்பதைக் கொரியர்கள் இன்றும் வியந்து பேசுகிறார்கள். கிம் ஹே-சுக்கும் நாற்பதுகளிலேயே வளர்ந்த பிள்ளைகளுக்குத் தாயாகிவிட்டார். இன்று 'தேசத்தின் அம்மா' என்று ஊடகங்கள் அழைக்கும் சிலருள் அவரும் ஒருவர்.

அந்தப் பட்டம் அவருக்குப் பெருமை சேர்த்திருக்கலாம். ஆனால் அவருடைய கலையை அது மறைத்தும் விடுகிறது என்பது என் எண்ணம். அம்மா என்றால் ஒரே அம்மாதானே என்று நினைத்துவிடுகிறோம். அவருடைய பத்துத் தொடர்களையாவது தொடர்ந்து பார்த்தவர்களுக்கு வேறொன்று புலப்படும். அவர் பாசத்தை நேரடியாக நடிப்பதில்லை. அந்த அம்மா என்ன வேலை செய்து பிள்ளைகளை வளர்க்கிறாளோ அந்த வேலையை நடிக்கிறார். பாசம் அந்த வேலையின் ஊடாக நமக்குத் தெரிகிறது. இதை நான் கவனித்ததற்கு ஒரு சொந்தக் காரணமும் உண்டு. என் அம்மா முப்பது ஆண்டுகள் தையல் இயந்திரத்தின் முன் அமர்ந்தவர். எங்களிடம் எவ்வளவு முக்கியமான செய்தியைப் பேசினாலும் துணியிலிருந்து கண்ணை எடுக்காமலே பேசுவார். கால் மிதிப்பது நிற்கும் கணத்தில்தான் அவர் கலங்கிவிட்டார் என்று எங்களுக்குத் தெரியும். திரையில் அப்படி ஓர் அம்மாவை நான் முதன்முதலில் கண்டது கிம் ஹே-சுக்கிடம்தான்.

2000-ஆம் ஆண்டு கேபிஎஸ் தொலைக்காட்சியில் வந்த 'ஆட்டம் இன் மை ஹார்ட்' தொடரில், மருத்துவமனையில் மாறிப்போன இரு பெண் குழந்தைகளின் கதை வருகிறது. வசதியான வீட்டில் வளர்ந்த நாயகி உன்-சொவைப் பெற்றவள், சிறிய உணவுக்கடை நடத்திப் பிழைக்கும் ஏழை. அந்த ஏழைத் தாயாக வந்த கிம் ஹே-சுக்குக்கு அப்போது 44 வயது. உண்மை தெரிந்ததும் ஓடிவந்து கட்டியணைக்கும் தாயல்ல இவள். வாய்க்கு வந்தபடி ஏசுபவள், கை ஓங்குபவள், வறுமை கடுமையாக்கிய பெண். மகள் தன்னைத் தேடிவந்து உடன் தங்கும்போதும், அவளுடைய அன்பு முரட்டுத்தனத்தின் இடுக்கு வழியாகவே கசிகிறது. சொக்சோ கடற்கரையின் அபாய் கிராமத்தில் படமாக்கப்பட்ட அந்தப் பகுதிகள் பின்னாளில் சுற்றுலா இடமாகவே மாறிவிட்டன. தொடரின் இயக்குநர் யுன் சொக்-ஹோ 2002-இல் எடுத்த 'விண்டர் சொனாட்டா'விலும் நாயகியின் தாய் இவரே. அந்தத் தொடர்தான் அடுத்த ஆண்டு ஜப்பானுக்குப் போய், 'கொரிய அலை' எனப்படும் கொரியத் தொடர், இசை மோகத்தைப் பெரிதாக்கியது. நாயகர்களின் படங்கள் சுவரொட்டிகளில் ஏறின. அம்மா அடுத்த தொடருக்குப் போய்விட்டார்.

2013-இல் எஸ்பிஎஸ் தொலைக்காட்சியில் ஒளிபரப்பான 'ஐ கேன் ஹியர் யுவர் வாய்ஸ்' தொடரில் அவர் சுன்-ஷிம். கோழி வறுவல் கடை வைத்து மகளை வழக்கறிஞராக்கியவள். மகள் சிறுமியாக இருந்தபோது கொடுத்த சாட்சியால் சிறை சென்ற கொலைகாரன், பழிவாங்குவதற்காக இந்தக் கடையிலேயே வேலைக்குச் சேர்ந்துவிடுகிறான். கடைசியில் அவன் அவளைக் கட்டிவைத்துக் கொல்லப் போகிறான். அதற்கு முன் மகளோடு தொலைபேசியில் பேச நேர்கிறது. தனக்கு நேரவிருப்பதை மகள் அறிந்துவிடக் கூடாது என்பதற்காக, வழக்கமான ஒரு நாளின் பேச்சுப்போலவே பேசி, யாரையும் வெறுத்து உன் வாழ்நாளை வீணாக்காதே என்ற பொருளில் அறிவுரை சொல்லி முடிக்கிறாள். குரலில் நடுக்கம் ஏறப் போகும் ஒவ்வொரு முறையும் அதைச் செல்லக் கடிந்துரையாக மாற்றிவிடுவதை நான் பலமுறை திரும்ப ஓட்டிப் பார்த்தேன். கண்கள் அழுகின்றன, வாய் சிரித்துக்கொண்டே திட்டுகிறது. கொலைகாரனைப் பார்க்கும் பார்வையில் அச்சத்தைவிட இரக்கம் மேலோங்கி நிற்கிறது. 18 பகுதிகள் கொண்ட அத்தொடரில் பாதிக்கும் முன்னரே இந்தப் பாத்திரம் போய்விடுகிறது. ஆனால் அதன்பின் மகள் எடுக்கும் ஒவ்வொரு முடிவிலும் அந்தத் தொலைபேசி உரையாடல் கேட்டுக்கொண்டே இருக்கிறது. கதையின் அச்சாணியை இவரிடம் கொடுத்திருக்கிறார்கள் என்று நான் சொல்வது இதனால்தான்.

கொரியாவின் புகழ்பெற்ற தொலைக்காட்சி எழுத்தாளர் கிம் சூ-ஹ்யுன் (அதே பெயருள்ள இளம் நடிகர் அல்லர், மூத்த பெண் எழுத்தாளர்) மழைபோலக் கொட்டும் நீண்ட வசனங்களுக்குப் பெயர்போனவர். மூச்சுவிட இடமில்லாத அந்த வசனங்களைப் பேசக்கூடியவர்கள் என்று அவர் மீண்டும் மீண்டும் அழைத்தவர்களுள் கிம் ஹே-சுக்கும் இருந்தார். 2010-இல் வந்த 'லைஃப் இஸ் பியூட்டிஃபுல்' ஜெஜூ தீவில் வாழும் ஒரு கூட்டுக்குடும்பத்தின் கதை. கணவனின் முதல் மனைவிக்குப் பிறந்த மூத்த மகன் தன்பாலீர்ப்பாளன் என்று தெரிய வருகிறது. அவனை அணைத்துக்கொண்டு அழும் அம்மா (கிம் ஹே-சுக்), அவனைப் பெற்றவள் அல்லள். 'மாற்றாந்தாய் மனப்பான்மை' என்ற சொற்றொடரையே வசையாகப் பயன்படுத்தும் மொழியில் வளர்ந்த எனக்கு, அந்தக் காட்சி நெஞ்சைப் பிசைந்தது. கொரியாவில் அத்தொடருக்கு எதிராகப் பழமைவாத அமைப்புகள் நாளிதழில் விளம்பரமே கொடுத்தன. அந்தச் சூழலில், ஒவ்வொரு வாரமும் குடும்பம் குடும்பமாக உட்கார்ந்து பார்க்கும் தொடரில், நம்பகமான ஓர் அம்மா முகம் அந்த மகனின் பக்கம் நின்றதன் எடை மிகப் பெரிது.

கைகளைப் பற்றி இவ்வளவு சொல்லிவிட்டு, அந்தக் கைகள் பறிக்கப்பட்ட ஒரு வேடத்தைச் சொல்லாமல் இருக்க முடியாது. 2009-இல் பார்க் சான்-வூக் இயக்கி, கான் திரைப்பட விழாவில் நடுவர் பரிசு பெற்ற 'தர்ஸ்ட்' திரைப்படத்தில் அவர் ஹன்போக் என்ற கொரிய மரபு உடைக்கான கடை நடத்தும் ரா அம்மையார். நோயாளி மகனைக் கொஞ்சியும் மருமகளை அடக்கியும் வாழும் வாயாடி. மகன் இறந்ததும் பக்கவாதத்தில் விழுந்து பேச்சும் அசைவும் போகின்றன. அதன்பின் அவருக்கு எஞ்சியவை கண்களும் ஒரு விரலின் துடிப்பும் மட்டுமே. மகனைக் கொன்றவர்கள் யார் என்பதை, வீட்டுக்குச் சூதாட வந்த நண்பர்களுக்கு இமையசைவாலும் விரலின் துடிப்பாலும் உணர்த்த முயலும் காட்சியில், உடலின் எல்லாத் தசைகளும் அடங்கிக் கிடக்க, உள்ளே இருக்கும் ஆங்காரம் முழுவதும் விழிகளில் வந்து நிற்கிறது. இறுதியில், காருக்குள் அமர்ந்தபடி, ரத்தக்காட்டேரிகளாகிவிட்ட அந்தக் கொலையாளிகள் இருவரும் விடியல் வெயிலில் எரிந்து சாம்பலாவதைப் பார்த்துக்கொண்டே இருக்கிறார். அந்த ஆண்டின் ப்ளூ டிராகன் விருது அவருக்குக் கிடைத்தது. (படம் வயது வந்தவர்களுக்கு மட்டுமானது.) திரைப்படங்களில் 'தி தீவ்ஸ்' திருட்டுக் கூட்டத்தின் மூத்த பெண்ணாகவும், ஜப்பானிய அரசுக்கு எதிராக 1992 முதல் நீதிமன்றம் ஏறிய, இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் ஜப்பானியப் படையால் பாலியல் அடிமைகளாக்கப்பட்ட பெண்களின் வழக்கைச் சொல்லும் 2018-இன் 'ஹெர் ஸ்டோரி'யில் அப்பெண்களுள் ஒருவராகவும் நடித்திருக்கிறார். தொலைக்காட்சி அவருக்குக் கொடுக்கத் தயங்கிய வேடங்களைத் திரைப்படம் கொடுத்தது என்று தோன்றுகிறது.

தொலைக்காட்சியிலும் பின்னர் அந்தக் கதவு திறந்தது. 2022-இல் வந்த 'அண்டர் தி குயின்ஸ் அம்ப்ரெல்லா'வின் ராஜமாதா வேடம், 'தேசத்தின் அம்மா' பட்டத்தையே தலைகீழாக்கியது. அரசனின் ஆசைநாயகியாக இருந்து, பட்டத்து இளவரசனைத் தீர்த்துக்கட்டித் தன் மகனை அரியணை ஏற்றிய பெண். தாய்ப்பாசம் அதிகாரப் பசியாக முற்றிய நிலை. குரலை உயர்த்தாமல், தேநீர்க் கிண்ணத்தை வைக்கும் நிதானத்தில் கொடுமையைச் செய்கிறார். இதுவரை உழைத்த கைகள் இங்கே அசையாமல் மடிமீது கிடக்கின்றன. வேலைகளை மற்றவர்கள் செய்கிறார்கள். அதற்கு மாறாக 'ஹாஸ்பிடல் பிளேலிஸ்ட்' ரோசாவின் நான்கு பிள்ளைகள் பாதிரியாராகவும் கன்னியாஸ்திரீயாகவும் போய்விட்டார்கள். கடைசி மகனையாவது வீட்டில் வைத்துக்கொள்ளத் துடிக்கிறாள். இரண்டாம் பருவத்தில், தன் வீட்டுக் கதவின் எண்பூட்டுக்கு முன் எண் நினைவுக்கு வராமல் நிற்கும் இடத்தில், மறதிநோய் வந்துவிட்டதோ என்ற பயத்தை அவர் தோள்களிலேயே காட்டிவிடுகிறார். (பயப்பட வேண்டாம், அது மூளையில் நீர் கோத்ததால் வந்த தொல்லை, அறுவைச் சிகிச்சையில் சரியாகிவிடும்.) 2019-இல் எலும்புச் சூப்புக் கடை நடத்தி மூன்று பெண்களை ஆளாக்கும் 'மதர் ஆஃப் மைன்' அம்மாவும் பார்க்கத்தக்கவளே, ஆனால் வார இறுதி நெடுந்தொடர் என்பதால் பொறுமை வேண்டும்.

எதிலிருந்து தொடங்கலாம் என்று கேட்பவர்களுக்கு 'ஸ்டார்ட்-அப்' தொடரின் முதல் பகுதியைச் சொல்வேன். கார்ன்டாக் (குச்சியில் குத்தி மாவில் தோய்த்துப் பொரித்த சாசேஜ்) கடை நடத்தும் வொன்-தொக் பாட்டி, அனாதை இல்லத்திலிருந்து வெளியேறித் தங்க இடமில்லாமல் நிற்கும் பையனுக்குத் தன் கடையிலேயே இடம் கொடுக்கிறாள். தனிமையில் வாடும் பேத்திக்கு ஒரு நண்பன் இருப்பதுபோல அவனைக் கடிதம் எழுதவும் வைக்கிறாள். அவன் படிப்புக்காக ஊரைவிட்டுப் போகும் நாளில், புதிய காலணிகளோடு வந்து அவனை அணிந்துகொள்ளச் சொல்கிறாள். நன்றாக வாழும்போது என்னைத் தேடி வராதே, கஷ்டம் வந்தால் மட்டும் வா, மழை பெய்து ஒதுங்க இடமில்லாவிட்டால் வா என்கிறாள். யாரும் இதுவரை அவனிடம் இப்படிச் சொன்னதில்லை. அவன் உடைந்துபோகிறான். பாட்டியோ காலணி அவன் காலுக்குச் சரியாகப் பொருந்துகிறதா என்பதிலேயே கவனமாக இருக்கிறாள்.