கோட்பாடு களத்தில் எதற்கு? சமூகப்பணியாளர்களின் கேள்விகளும் பதில்களும்

சமூகப்பணித் துறையில் இருக்கும் வாசகர்கள் அனுப்பிய கடிதங்களில், படிப்பில் கற்ற கோட்பாடும் ஆய்வு முடிவுகளும் அன்றாட வேலைக்கு எவ்வாறு பயன்படும் என்று கேட்டவற்றை மட்டும் இந்த இதழில் எடுத்துக்கொண்டிருக்கிறோம். பெயர்களைத் தவிர்க்குமாறு பலர் கேட்டிருந்ததால் ஊரை மட்டும் குறிப்பிடுகிறோம்.

கேள்வி: முதுநிலை சமூகப்பணி முடித்து, குழந்தைகள் பாதுகாப்புப் பணியில் சேர்ந்து ஓராண்டு ஆகிறது. பற்றுக் கோட்பாடு, சூழலியல் கோட்பாடு எல்லாவற்றையும் தேர்வுக்காகப் படித்தேன். இப்போது வீடு வீடாகச் சென்று சமூக விசாரணை அறிக்கை எழுதும்போது அவற்றில் ஒன்றும் உதவிக்கு வருவதில்லை. அறிக்கையில் அவற்றை எங்கே கொண்டுவருவது? (வாசகி, திருவண்ணாமலை)

பதில்: அறிக்கையில் கோட்பாட்டின் பெயரைக் கொண்டுவர வேண்டிய தேவையே இல்லை. பற்றுக் கோட்பாட்டை வகுத்த ஜான் போல்பி என்ன சொன்னார் என்பதை, பாதுகாப்பு தேவைப்படும் குழந்தைகளைப் பற்றி முடிவெடுக்கும் குழந்தைகள் நலக்குழு உங்களிடம் கேட்கப்போவதில்லை. இந்தக் குழந்தையை இன்று யாருடன் அனுப்புவது என்பதுதான் அவர்கள் முன் இருக்கும் கேள்வி. கோட்பாட்டுக்கு வேலை அதற்கு முன்பே, யாரைச் சந்திப்பது, அவரிடம் எதைக் கேட்பது என்று நீங்கள் தீர்மானிக்கும் நேரத்தில் இருக்கிறது.

கற்பனையாக ஒரு நேர்வை வைத்துக்கொள்வோம். பதினான்கு வயதுச் சிறுவன் ஒருவன் நான்காவது முறையாக வீட்டைவிட்டு ஓடிப்போய், ரயில் நிலையத்தில் மீட்கப்பட்டு, குழுவின் முன் வருகிறான். தந்தைக்குக் குடிப்பழக்கம் உண்டு. தாய் நூற்பாலையில் ஷிப்ட் வேலைக்குப் போகிறார். இந்த இரண்டு தகவல்களும் கைக்கு வந்த உடனேயே, 'குடும்பச் சூழல் சரியில்லை, குழந்தைகள் இல்லத்தில் தங்கவைத்துப் படிக்கவைக்கப் பரிந்துரைக்கப்படுகிறது' என்று எழுதி முடித்துவிடுகிற அறிக்கைகள் நிறைய உண்டு. அந்த ஒற்றை வரியிலும் ஒரு கோட்பாடு ஒளிந்திருக்கிறது: தந்தையின் குடியே மகனை விரட்டுகிறது என்பது அது. அதைக் கோட்பாடு என்று யாரும் நினைக்காததால், அது சரிதானா என்று சோதிப்பவரும் இல்லை.

நீங்கள் படித்தவற்றை இந்த இடத்தில் கேள்விகளாக மாற்றிப் பாருங்கள். பயமோ காய்ச்சலோ வந்தால் இவன் யாரைத் தேடிப் போவான், அந்த மனிதர் அண்மையில் இவனைவிட்டு விலகினாரா என்று பற்றுக் கோட்பாடு கேட்கத் தூண்டும். விடை சிறுவனின் பாட்டியாக இருக்கலாம், அந்தப் பாட்டியின் பெயரே கோப்பில் இல்லாமலும் இருக்கலாம். யூரி பிரான்ஃபன்பிரென்னர் 1979-இல் விரித்துரைத்த சூழலியல் பார்வையோ, சிறுவன் ஒருபோதும் காலடி வைத்திராத நூற்பாலையின் ஷிப்ட் அட்டவணை அவனுடைய இரவுகளை எப்படி மாற்றியது என்று கேட்கச் சொல்லும். நடத்தைக் கோட்பாட்டின் கேள்வி இன்னும் நேரடியானது: ஓடுவதற்கு முந்தைய நாள் என்ன நடந்தது, ஓடியதால் அவன் எதிலிருந்து தப்பித்தான்?

இனி இவற்றுக்கிடையே தேர்ந்தெடுக்க வேண்டும். அதற்குப் பெரிய கருவி எதுவும் வேண்டாம். அவன் ஓடிய நான்கு தேதிகளையும் ஒரு தாளில் எழுதி, பள்ளியின் வருகைப் பதிவேட்டோடும் தாயின் ஷிப்ட் அட்டவணையோடும் ஒப்பிட்டாலே பாதி தெளிவு கிடைத்துவிடும். குடிதான் காரணம் என்றால் தேதிகள் தந்தைக்குக் கூலி கிடைக்கும் நாட்களையொட்டி விழ வேண்டும். பள்ளிதான் காரணம் என்றால் விடுமுறை முடியும் நாட்களையோ தேர்வு நாட்களையோ ஒட்டி விழ வேண்டும். நான்கும் தாயின் இரவு ஷிப்ட் வாரங்களிலேயே விழுந்திருந்தால், அந்த இரவுகளில் வீட்டில் யார் இருக்கிறார்கள், சிறுவனுக்கு என்ன நேர்கிறது என்பதை அவனிடம் தனியாக, பொறுமையாகக் கேட்டறியாமல் அறிக்கையை முடிக்கவே கூடாது.

இங்கே ஒரு ஆய்வைச் சொல்லியாக வேண்டும். பிரிட்டனில் 1973 முதல் 1994 வரை வெளியான குழந்தை வதை விசாரணை அறிக்கைகளை ஆராய்ந்த ஐலீன் மன்ரோ, சமூகப்பணியாளர்கள் முதலில் எடுத்த முடிவை, எதிரான தகவல் வந்த பிறகும் மாற்றிக்கொள்ளத் தயங்குவதே மீண்டும் மீண்டும் காணப்படும் பிழை என்று 1999-இல் எழுதினார். ஆகவே அறிக்கையில் கண்ணால் கண்டது, பிறர் சொல்லக் கேட்டது, நீங்கள் ஊகித்தது ஆகிய மூன்றையும் தனித்தனிப் பத்திகளாக எழுதுங்கள். எந்தத் தகவல் வந்தால் உங்கள் ஊகம் தவறாகும் என்று உங்கள் சொந்தக் குறிப்பேட்டிலாவது ஒரு வரி எழுதிவையுங்கள். 2015-ஆம் ஆண்டின் இளைஞர் நீதிச் சட்டம் தன் 3-ஆவது பிரிவிலேயே இல்லங்களில் சேர்ப்பதைக் கடைசி வழியாகத்தான் வைத்திருக்கிறது. ஒன்றிய அரசின் குழந்தைகள் பாதுகாப்புத் திட்டமான மிஷன் வாத்சல்யாவில், குழந்தை குடும்பத்தோடு இருக்க மாதம் 4,000 ரூபாய் நிதி ஆதரவுக்கும் இடமிருக்கிறது. பாட்டி வீட்டில் தங்குவது சாத்தியமா என்று விசாரிக்காமலே இல்லத்தைப் பரிந்துரைப்பது சட்டத்தின் நோக்கத்துக்கும் பொருந்தாது.

கேள்வி: இருபது ஆண்டுகளுக்கும் மேலாக இளைஞர்களிடையே பணியாற்றுகிறேன். எங்களிடம் வந்துபோன பையன்கள் இன்று குடும்பஸ்தர்களாகி, வழியில் பார்த்தால் கையைப் பிடித்துக்கொண்டு நன்றி சொல்கிறார்கள். இதைவிட என்ன ஆதாரம் வேண்டும்? புதிதாக வருகிறவர்கள் எதற்கெடுத்தாலும் 'ஆய்வு என்ன சொல்கிறது' என்று கேட்பது சலிப்பாக இருக்கிறது. (வாசகர், மதுரை)

பதில்: அந்த நன்றியில் பொய் இல்லை, அதை நான் குறைத்து மதிப்பிடவும் இல்லை. ஆனால் 'நீங்கள் அவர்களோடு அன்பாக இருந்தீர்களா' என்ற கேள்விக்குத்தான் அது விடை. 'நீங்கள் இல்லாதிருந்தால் அவர்கள் என்னவாகியிருப்பார்கள்' என்பது வேறு கேள்வி. இரண்டும் எவ்வளவு தூரம் விலகிப்போக முடியும் என்பதற்கு அமெரிக்காவின் மாசச்சூசெட்ஸ் மாநிலத்தில் நடந்த ஒன்றை விரிவாகவே சொல்கிறேன்.

ரிச்சர்டு கேபட் என்ற மருத்துவர் சமூகப்பணியின் வரலாற்றில் முக்கியமானவர். மாசச்சூசெட்ஸ் பொது மருத்துவமனையில் 1905-இலேயே சமூகப்பணியாளரை அமர்த்தியவர். சிறுவர்கள் குற்றப் பாதைக்குப் போவதைத் தடுக்க அவர் வகுத்த திட்டம் கேம்பிரிட்ஜ், சாமர்வில் என்ற இரண்டு நகரங்களில் 1939-இல் தொடங்கியது. வயது, குடும்பநிலை, குணம் ஆகியவற்றில் ஒத்த சிறுவர்களை இருவர் இருவராக இணைத்து, இணையில் யாருக்கு உதவி, யாருக்கு இல்லை என்பதை நாணயம் சுண்டி முடிவு செய்தார்கள். கடைசிவரை ஆய்வில் இருந்தவர்கள் 506 பேர். உதவி பெற்ற பாதிப் பேரின் வீட்டுக்கு ஆலோசகர்கள் சராசரியாக மாதம் இருமுறை, ஐந்தரை ஆண்டுகள் போய்வந்தார்கள். படிப்பில் உதவி, மருத்துவம், கோடை முகாம், குடும்பச் சிக்கல்களில் துணை என்று ஒரு நல்ல சமூகப்பணியாளர் செய்யக்கூடியதெல்லாம் செய்யப்பட்டது.

பணி நின்று முப்பது ஆண்டுகளுக்குப் பிறகு, நடுத்தர வயதை எட்டிவிட்ட அந்த மனிதர்களை ஜோன் மெக்கார்டு தேடிக் கண்டுபிடித்து, 1978-இல் முடிவை வெளியிட்டார். உதவி பெற்றவர்களில் மூன்றில் இரண்டு பங்கினர் அந்தத் திட்டம் தங்களுக்கு நன்மை செய்தது என்றே சொன்னார்கள். ஆனால் பதிவேடுகள் வேறு கதை சொல்லின. குற்றங்கள் குறையவில்லை, இரண்டாவது முறையும் குற்றம் செய்தவர்கள், குடிநோயின் அறிகுறிகள் உடையவர்கள், இளம் வயதில் இறந்தவர்கள் ஆகியோர் உதவி பெறாத பாதியைவிட உதவி பெற்ற பாதியில்தான் கூடுதலாக இருந்தார்கள். அந்த மற்றொரு பாதி மட்டும் இல்லாதிருந்தால், நன்றிக் கடிதங்களை வைத்தே இதைப் பெரும் வெற்றி என்று நாம் பாடப்புத்தகத்தில் படித்துக்கொண்டிருப்போம்.

ஏன் இப்படி ஆனது என்பதில்தான் கோட்பாடு மறுபடி நுழைகிறது. கோடை முகாமுக்கு ஒன்றுக்கு மேற்பட்ட முறை அனுப்பப்பட்ட சிறுவர்களிடமே தீங்கு மிகுதியாகத் தெரிந்தது என்று 1999-இல் மெக்கார்டும் தாமஸ் டிஷியனும் பிரான்சுவா பூலினும் எழுதிய கட்டுரை காட்டியது. சேட்டைக்காரச் சிறுவர்களை மட்டும் ஓரிடத்தில் சேர்த்துவைத்தால், ஒருவன் விதிமீறலைப் பெருமையாகச் சொல்ல, மற்றவர்கள் சிரித்து ஊக்குவிக்க, அது ஒரு பயிற்சியாகவே ஆகிவிடுகிறது என்பது அவர்களுடைய விளக்கம். 'பிரச்சினைக்குரிய மாணவர்கள்' என்று பள்ளி தரும் பட்டியலை அப்படியே ஒரு குழுவாக உட்கார வைப்பது நம் ஊரிலும் நடப்பதுதான். நீங்கள் அப்படிக் குழு நடத்துகிறவர் என்றால், மற்ற மாணவர்களையும் கலந்து அமைப்பதும், பெரியவர் இல்லாத நேரத்தைக் குறைப்பதும், குழுவில் எதற்குச் சிரிப்பு எழுகிறது என்று கவனிப்பதும் நாளைக்கே செய்யக்கூடியவை.

எந்த நேரத்தில் எந்த வீட்டுக்குப் போகலாம், யார் பேசினால் ஊர்ப் பெரியவர் இணங்குவார் என்பதையெல்லாம் எந்த ஆய்வும் உங்களுக்குச் சொல்லித்தர முடியாது. அங்கே உங்கள் அனுபவமே ஆதாரம்.

கேள்வி: குடிப்பழக்கத்திலிருந்து மீள உதவும் எங்கள் திட்டத்தில் எத்தனை கூட்டம் நடத்தினோம், எத்தனை பேர் வந்தார்கள், எத்தனை பேர் குடியைக் குறைத்தார்கள் என்று நிதி தருவோருக்கு அனுப்புகிறோம். இது சான்று ஆகாதா? (வாசகர், சேலம்)

பதில்: முதல் இரண்டும் நீங்கள் உழைத்ததற்குச் சான்று. மூன்றாவதைக் கொஞ்சம் யோசிக்க வேண்டும். கோவாவில் ஆரம்ப சுகாதார நிலையங்களுக்கு வந்த, தீங்கான அளவில் குடிக்கும் ஆண்களிடம், தொழில்முறைப் பட்டம் இல்லாத உள்ளூர் ஆலோசகர்கள் சில அமர்வுகள் பேசிய ஆய்வு 2017-இல் லான்செட் மருத்துவ இதழில் வந்தது. மூன்று மாதத்தில் ஆலோசனை பெற்றவர்களில் 36 சதவீதத்தினர் அந்த நிலையிலிருந்து மீண்டிருந்தார்கள். ஆலோசனை பெறாமல் வழக்கமான சிகிச்சையோடு நின்றவர்களிலும் 26 சதவீதத்தினர் மீண்டிருந்தார்கள். ஆலோசனையின் பயன் இரண்டுக்கும் இடையிலுள்ள பத்துதான். அதுவே நல்ல பயன். ஒப்பிட ஆளில்லாத உங்கள் திட்டத்தில், ஒருவர் சேர்ந்த நாளுக்கு முந்தைய சில வாரங்களின் குடித்த நாட்களை முதலில் கேட்டுப் பதிந்து, அதே கேள்வியை அதே முறையில் பின்னரும் கேட்டுவந்தால், வெறும் தலைக்கணக்கைவிட அது நேர்மையான பதிவாக இருக்கும்.

கேள்வி: நீங்கள் சொல்கிற ஆய்வுகள் வெளிநாட்டில், வேறு மக்களிடம் நடந்தவை. எங்கள் பகுதியில் தற்கொலை முயற்சிகள் அதிகம், பெரும்பாலும் பூச்சிமருந்து. இங்கே எதை நம்பிச் செய்வது? (மருத்துவ சமூகப்பணியாளர், கடலூர்)

பதில்: சந்தேகம் நியாயமானது, ஆனால் நீங்கள் கேட்ட பொருளில் நமக்கு அருகிலேயே நடந்த ஆய்வுகள் இருக்கின்றன. தற்கொலைக்கு முயன்று அவசரச் சிகிச்சைப் பிரிவுக்கு வந்த 1,867 பேரிடம் உலக சுகாதார நிறுவனம் ஐந்து இடங்களில் நடத்திய ஆய்வு 2008-இல் வெளியானது. அந்த ஐந்தில் சென்னையும் கொழும்பும் அடக்கம். ஒரு பாதியினருக்கு வழக்கமான சிகிச்சை. மறுபாதியினருக்கு அதோடு, வீடு திரும்பும் முன் ஒரு மணி நேரத் தனி உரையாடல். பின்பு 18 மாதங்களுக்குள் ஒன்பது முறை தொலைபேசியிலோ நேரிலோ தொடர்பு. தொடர்பு பெற்றவர்களில் தற்கொலையால் இறந்தவர்கள் 0.2 சதவீதம், மற்றவர்களில் 2.2 சதவீதம். மீண்டும் முயன்றவர்களின் விகிதத்தில் பெரிய வேறுபாடு இல்லை என்பதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். மனிதரோடு மனிதரைப் பிணைக்கும் கயிறு தளர்கிற இடத்தில் தற்கொலை கூடுகிறது என்று சமூகவியலாளர் எமில் துர்கைம் 1897-இல் எழுதியதை நீங்கள் முதலாண்டிலேயே படித்திருப்பீர்கள். அதை ஒரு வார்டின் நடைமுறையாக மாற்றினால் இப்படித்தான் இருக்கும்: முதல் வாரம், இரண்டாம் வாரம், நான்காம் வாரம் என்று தேதி குறித்து, 'எப்படி இருக்கிறீர்கள்' என்று விடாமல் கேட்பது. ஒரு பதிவேடும் ஒரு கைபேசியும் உள்ள எந்த மருத்துவமனையிலும் இதைத் தொடங்கலாம்.

பூச்சிமருந்தைப் பொறுத்தவரை, எட்டாத இடத்தில் பூட்டிவைத்தால் ஆத்திரத்தில் எடுப்பது குறையும் என்ற எண்ணம் பொருத்தமாகவே தோன்றும். இலங்கையின் அனுராதபுரப் பகுதியில் 180 கிராமங்களில், 53,000-க்கும் மேற்பட்ட குடும்பங்களை உட்படுத்தி அதைச் சோதித்தார்கள். பாதிக் கிராமங்களில் வீடுகளுக்குப் பூட்டுப் பெட்டி கொடுத்தார்கள். விஷம் அருந்தும் நிகழ்வுகள் அங்கே குறையவில்லை என்ற முடிவு 2017-இல் வெளிவந்தது. அதே இலங்கையில், 1990-களிலிருந்து கொடிய நச்சுத்தன்மை உள்ள மருந்துகளை ஒவ்வொன்றாகத் தடைசெய்த பிறகு தற்கொலை இறப்புகள் பெருமளவு குறைந்தன. வழியை அடைத்தால் உயிர் பிழைக்கும் என்ற கோட்பாடு தோற்கவில்லை. வீட்டுக்குள் அடைக்கப் பார்த்ததுதான் தோற்றது. எனவே பெட்டிக்கு நிதி திரட்டுவதைவிட, உங்கள் வார்டுக்கு வரும் நேர்வுகளில் எந்த மருந்து எத்தனை முறை என்று பதிந்து சுகாதாரத் துறைக்கும் வேளாண் துறைக்கும் தொடர்ந்து அனுப்புவதையே நான் முன்னால் வைப்பேன். நோயாளிக்கும் குடும்பத்துக்கும் 104, 14416 என்ற உதவி எண்களை எழுதிக் கொடுக்கவும் மறக்க வேண்டாம்.

கேள்வி: ஆய்வுக் கட்டுரைகளைப் படிக்க நேரமும் இல்லை, ஆங்கிலமும் எளிதாக இல்லை. என்ன செய்யலாம்? (வாசகி, தென்காசி)

பதில்: தனித்தனிக் கட்டுரைகளைத் துரத்த வேண்டாம். ஒரே கேள்விக்கான ஆய்வுகளைத் திரட்டி மதிப்பிட்டுத் தரும் காக்ரேன், கேம்பெல் என்ற இரண்டு அமைப்புகளின் எளிய சுருக்கங்கள் இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. காக்ரேன் சுருக்கங்களில் சில தமிழிலும் உண்டு. படிக்கும்போது மூன்றைக் கவனித்தால் போதும்: யாரிடம் செய்தார்கள், எதனோடு ஒப்பிட்டார்கள், எவ்வளவு காலம் கழித்துப் பார்த்தார்கள். மாதாந்திரக் கூட்டத்தில் அறிக்கை வாசிப்புக்குப் போகும் நேரத்தில் இருபது நிமிடத்தை ஒதுக்கி, உங்கள் குழுவில் யாராவது ஒருவர் ஒரு சுருக்கத்தைத் தமிழில் சொல்லட்டும். இப்போது கையில் உள்ள எந்த நேர்வில் அது எதை மாற்றும் என்று மற்றவர்கள் பேசட்டும். எதையும் மாற்றாது என்று தெரிந்தால் அதைக் குறித்துவிட்டு, அடுத்த மாதம் வேறொன்றை எடுங்கள்.