காமெடி டைரக்டர் ஆகணும்னா எங்கேர்ந்து ஆரம்பிக்கிறது?

மன்னார்குடியிலேர்ந்து ஒரு தங்கச்சி கேட்டிருக்கு. பி.எஸ்சி கடைசி வருஷமாம், டிவில காமெடி சீரியல் டைரக்ட் பண்ணணும்னு ஆசை, வீட்ல "பொம்பளப் புள்ளைக்கு இதெல்லாம் சரிப்பட்டு வருமா"ங்கிறாங்களாம்.

வரும்மா, நல்லாவே வரும். அமெரிக்காவுல பமேலா ஃப்ரைமன்னு ஒரு டைரக்டர், 'ஹவ் ஐ மெட் யுவர் மதர்'ங்கிற சிட்காம்ல, அதாவது காமெடி சீரியல்ல, மொத்தம் 208 எபிசோட்ல 196 அவங்க பண்ணதுதான். அவங்களும் நேரா காமெடிக்கு வந்துடல, அதுக்கு முன்னாடி தினசரி ஓடுற அழுகாச்சி சீரியல்ல வேல பாத்தவங்க. அதனால ஃபேமிலி சீரியல்ல அசிஸ்டெண்ட் வேல கெடச்சா வேணாம்னு சொல்லிடாத, கிளாப் அடிக்கிறது, நடிகருக்கு டயலாக் எடுத்துக் குடுத்து ப்ராம்ப்ட் பண்றது, ஒரு ஷாட்டுக்கும் அடுத்த ஷாட்டுக்கும் டிரெஸ், பொருள் எதுவும் மாறாம இருக்க கன்டினியூட்டி நோட் எழுதுறது எல்லாம் அங்கதான் கைக்கு வரும்.

காமெடிய மட்டும் ஊர்லயே கத்துக்கலாம். கும்பகோணம் பக்கம் ஒரு கல்யாணப் பந்தியில பாத்தேன், பாயசம் வருது, ஒரு பெரியவரு "போதும் போதும்"னு இலைக்கு மேல கைய நீட்டுறாரு, ஆனா விரல் அஞ்சும் அகல விரிஞ்சிருக்கு. நான் அசிஸ்டெண்டா இருந்தப்ப இதையே ஒரு சீன்ல வச்சோம், முழுசா அவரு மூஞ்சியிலயே கேமராவ வச்சு எடுத்துட்டோம், ஒருத்தரும் சிரிக்கல. எடிட்ல உக்காந்தப்பதான் புரிஞ்சுது: "போதும்" மூஞ்சியில, அடுத்து கை க்ளோசப், அப்புறம் பரிமாறுற பையன் மூஞ்சி, அவனுக்கு டயலாக்கே இல்ல, ஒரு செகண்ட் அப்படியே விடணும். அந்த ஒரு செகண்ட்லதான் சிரிப்பு இருக்கு, அத வெட்டிட்டு டொய்ங்னு சவுண்ட் போட்டா செத்துடும். இதனாலதான் சொல்றேன், எப்பாடு பட்டாவது எடிட்டர் பக்கத்துல உக்காரு. அரை மணி ஸ்லாட்னா விளம்பரம் போக சுமார் 22 நிமிஷம்தான், எத வெட்டலாம் எத வெட்டக்கூடாதுன்னு அங்கதான் தெரியும்.

படிப்புன்னா, சென்னை தரமணி எம்.ஜி.ஆர் அரசு திரைப்பட நிறுவனத்துல டைரக்ஷன் 4 வருஷம், +2 போதும். நீ டிகிரி முடிக்கப் போறதால புனே ஃபிலிம் இன்ஸ்டிடியூட்ல (FTII) டிவி டைரக்ஷன் 1 வருஷ கோர்ஸ் உனக்கு இன்னும் தோதா இருக்கும், என்ட்ரன்ஸ் உண்டு.

வீட்ல பயப்படுறதுலயும் நியாயம் இருக்கு, அத தள்ளிவிடாத. 10 பேரோ அதுக்கு மேலயோ வேல பாக்குற எடத்துல, பாலியல் தொல்லைன்னா பெண்கள் புகார் குடுக்க உள் கமிட்டி இருந்தே ஆகணும்னு 2013 சட்டம் சொல்லுது, சேரும்போதே அதுல யாரு இருக்காங்கன்னு கேளு. அன்னன்னைக்கு குடுக்குற பேட்டாவா மாசச் சம்பளமா, நைட் ஷூட் முடிஞ்சா ஹாஸ்டல் வாசல் வரைக்கும் வண்டி உண்டான்னும் மொத நாளே கேட்டுடு, சும்மா வாய்ல சொன்னா பத்தாது, மெசேஜ்ல வாங்கி வச்சுக்க. இப்போதைக்கு ஃபோன்லயே ரெண்டு நிமிஷ சீன் ஒண்ணு எடுத்து, மியூசிக் போடாம உங்க அம்மாகிட்ட காட்டு, எந்த எடத்துல சிரிக்கிறாங்கன்னு குறிச்சு வச்சுக்க.