துருக்கி சினிமாவின் ஆரம்ப கால நட்சத்திரங்களில் யாருடைய படங்களைப் பார்க்கத் தொடங்கலாம்?

தயக்கமே இல்லாமல் அய்ஹான் இஷிக் என்பேன். துருக்கி ரசிகர்கள் அவரை முடிசூடா மன்னன் என்றே கொண்டாடினார்கள். அந்தப் பட்டத்துக்கு அவருடைய அரும்பு மீசையும் அழகும் மட்டும் காரணம் இல்லை என்பது என் உறுதியான எண்ணம்.

அவருக்கு முன்பு துருக்கித் திரையில் தெரிந்தவர்கள் பெரும்பாலும் நாடக மேடைக்காரர்கள். முஹ்சின் எர்துருல் என்ற நாடக இயக்குநரின் பிடியில்தான் நெடுங்காலம் சினிமா இருந்தது. 1948இல் உள்நாட்டுப் படங்களுக்கான கேளிக்கை வரி குறைக்கப்பட்டதும் தயாரிப்பாளர்கள் பெருகினார்கள், புதுமுகங்கள் தேவைப்பட்டன. இஸ்தான்புல் நுண்கலை அகாதெமியில் ஓவியம் பயின்ற இஷிக், 1951இல் 'யில்டிஸ்' என்ற சினிமாப் பத்திரிகை நடத்திய போட்டியில் வென்று நடிக்க வந்தார்.

அடுத்த ஆண்டே லுட்ஃபி அகாட் இயக்கிய 'கானுன் நாமினா' வெளிவந்தது. உண்மைச் சம்பவத்தைத் தழுவிய கதை. இஷிக் அதில் நாஸிம் என்ற லேத் பட்டறைக்காரர். மனைவியைப் பற்றிப் பிறர் கிளப்பிவிட்ட சந்தேகத்தால் கொலைகாரனாகி, போலீசுக்குத் தப்பி இஸ்தான்புல்லின் நிஜத் தெருக்களில் ஓடுகிறார். மேடையில் நின்று வசனம் ஒப்பிப்பதுபோல் இருந்த நடிப்பு அந்த ஓட்டத்தில் அடிபட்டுப் போனது! அவருடைய குரலுக்காக மட்டும் அந்தக் காலத்துப் படங்களைப் பார்க்காதீர்கள். ஒலியில்லாமல் எடுத்துப் பிறகு டப்பிங் சேர்ப்பதே அப்போது அங்கே வழக்கமாக இருந்தது. பல படங்களில் அவருக்கு வேறொருவர்தான் குரல் கொடுத்தார். நடை, தோள், பார்வை ஆகியவற்றைக் கவனியுங்கள். அவருடைய நடிப்பெல்லாம் அங்கேதான் இருக்கிறது.

1961இல் வந்த 'ஓட்டோபூஸ் யோல்ஜுலாரி'யில் அவர் பஸ் ஓட்டுநர். வீட்டுமனை மோசடிக்காரர்களை எதிர்த்து நிற்கிறார். 1962இல் மெட்டின் எர்க்சான் இயக்கிய 'அஜி ஹயாத்'தில் கப்பல் பட்டறையில் வெல்டிங் தொழிலாளி. நகம் அழகுபடுத்தும் வேலை செய்யும் காதலியோடு, தங்கள் சம்பளத்துக்குக் கட்டுப்படியாகும் வாடகை வீடு தேடி அலைகிறார். காதல் காட்சியாக எடுத்திருக்கக்கூடியதை வீட்டு வாடகைக் கவலையாக மாற்றிய துணிச்சல் எனக்கு மிகவும் பிடிக்கும். காதலியாக நடித்த துர்க்கான் ஷோராய்க்கு 1964இல் அண்டால்யா திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது கிடைத்தது.

அதே காலத்தில் பெல்கின் டோருக்குடன் 'கூச்சுக் ஹனிமெஃபெந்தி' வரிசைக் காதல் நகைச்சுவைகளிலும் நடித்தார். பெல்கினும் அதே பத்திரிகைப் போட்டியில் வென்று வந்தவர்தான். வசூல் அவற்றுக்குத்தான் வந்தது. ஆனால் நீங்கள் 'கானுன் நாமினா'வில் தொடங்கி, 'அஜி ஹயாத்' பார்த்த பிறகு அவற்றுக்கு வாருங்கள். 1979இல், ஐம்பதே வயதில் அவர் இறந்துவிட்டார்.