ழான் மொரோ: நீங்கள் கேட்டவை

கேள்வி: பெயரை ஜீன் என்பதா, ழான் என்பதா?

இந்தப் பிரெஞ்சு நடிகையின் பெயர் ழான்தான். பிரான்ஸில் ஆண்களுக்கும் ழான் என்று பெயர் உண்டு. அதை மூக்கால் ஒலிப்பார்கள். தமிழில் எழுதினால் இரண்டும் ஒன்றாகிவிடும். கீழே ழான் விலார் என்று ஒருவர் வருவார். அவர் ஆண், நாடக இயக்குநர். குழம்ப வேண்டாம்.

கேள்வி: கலைக் குடும்பமா?

பாதி. 1928-இல் பாரிஸில் பிறந்தவர். அப்பா உணவகம் நடத்தியவர். அம்மா இங்கிலாந்துக்காரர், ஃபோலி பெர்ழேர் அரங்கில் குழு நடனம் ஆடியவர். ஜெர்மானியரின் பிடியில் பாரிஸ் இருந்தபோது, பள்ளிக்கூட வயதில் 'அந்திகோன்' நாடகத்தைப் பார்த்துவிட்டு நடிகையாவது என்று முடிவு செய்தார். அப்பாவுக்குத் துளியும் பிடிக்கவில்லை. கட்டிய மனைவியே மேடையில் ஆடியவர்தானே என்று கேட்கத் தோன்றும். மகள் என்றால் கணக்கு வேறு போல.

கேள்வி: நாடகத்திலிருந்து வந்தவர் என்கிறார்கள். ஏதோ இரண்டு மேடை ஏறிவிட்டு சினிமாவுக்கு வந்தவரா?

ஐயோ, இல்லை. 1947-இல் அவிஞோன் நகரில் ழான் விலார் முதல் நாடக விழாவை நடத்தியபோதே மேடையேறியவர். அடுத்து கொமெதி ஃபிரான்சேஸ்; பழைய நாடகாசிரியர் மொலியேர் காலத்து மரபைச் சொல்லிக்கொள்ளும் அரசு நாடக நிறுவனம். இருபது வயதில் அங்கே இடம் கிடைப்பது சாதாரணமில்லை. நாலு வருஷத்தில் அதையும் விட்டுவிட்டு விலாரின் குழுவுக்குப் போய், நடிகர் ழெரார் ஃபிலிப்போடு நடித்தார். 1950-களின் நடுவில் நாடக ரசிகர்களுக்கு அவர் பெரிய பெயர். சினிமாவில் மட்டும் கொள்ளைக்கூட்டப் படங்களில் துணை வேடங்கள்.

கேள்வி: முகம் படத்துக்கு ஒத்துவராது என்று ஒதுக்கினார்களாமே?

கண்ணுக்குக் கீழே கருவளையம், இறங்கிய உதட்டோரம். அன்றைய ஒளிப்பதிவாளர்கள் அதையெல்லாம் மேக்கப் பூசி, விளக்கைக் கொட்டி மறைத்தார்கள். மறைத்த பிறகு மிச்சம் என்ன இருக்கும்?

நாடக இயக்குநர் பீட்டர் புரூக் பாரிஸில் இயக்கிய ஒரு நாடகத்தில் அவரைப் பார்த்தவர் லூயி மால், இருபத்துச் சொச்ச வயது திரைப்பட இயக்குநர். 'தூக்குமேடைக்கு லிஃப்ட்' படத்துக்காக அவரை இரவில் ஷான்ஸெலிசே வீதியில் நடக்கவிட்டார். மேக்கப் கிடையாது. கடைக் கண்ணாடிகளிலிருந்து வரும் வெளிச்சம்தான் விளக்கு. குழந்தைத் தள்ளுவண்டியில் கேமராவை வைத்துக்கொண்டு ஒளிப்பதிவாளர் ஆன்ரி தெக்காய் கூடவே போனார். லேப்காரர்கள் ஃபிலிமைப் பார்த்து, நடிகையை அசிங்கப்படுத்திவிட்டார்கள் என்று தயாரிப்பாளரிடம் புகார் சொன்னார்கள். 1958-இல் படம் வந்தது, அந்த முகம்தான் பேசப்பட்டது. அந்தக் காட்சிகளுக்கு ஜாஸ் கலைஞர் மைல்ஸ் டேவிஸ் வாசித்த ட்ரம்பெட்டையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். படத்தைத் திரையில் ஓடவிட்டு, பார்த்தபடியே வாசித்தார்.

கேள்வி: அமெரிக்காவில் அவர் படத்தின் மேல் ஆபாச வழக்கு நடந்தது உண்மையா?

உண்மை. அதே மால் எடுத்த 'காதலர்கள்'. அதைத் திரையிட்டதற்காக ஒஹாயோவில் ஒரு தியேட்டர் மேலாளருக்கு 2,500 டாலர் அபராதம். 1964-இல் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. ஆபாசத்துக்கு இலக்கணம் சொல்லத் தெரியாது, பார்த்தால் தெரியும், இந்தப் படம் அது இல்லை என்று நீதிபதி ஸ்டூவர்ட் எழுதியது இந்த வழக்கில்தான்.

கேள்வி: பாட்டும் பாடினாரா?

ஆல்பங்களே உண்டு. 'ஜூல் எ ஜிம்' படத்தின் சுழற்காற்றுப் பாட்டைத் தேடிப் பாருங்கள். ஒரு இடத்தில் வரிகளை மாற்றிப் பாடிவிட்டு, கையை லேசாக ஆட்டித் தொடர்வார். படத்தின் இயக்குநர் த்ரூஃபோ அந்த டேக்கையே வைத்துக்கொண்டார். தப்பினாலும் நிறுத்தாதே என்பது மேடைப் பழக்கம். எனக்கு அங்கே நாடக நடிகைதான் தெரிகிறார்.

கேள்வி: விருதுகள்?

1960-இல் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை (நடிகை மெலினா மெர்கூரியோடு பகிர்ந்தது), 1992-இல் பிரெஞ்சு சினிமா விருதான செஸார். அப்புறம் பிரான்ஸின் நுண்கலை அகாதெமியில் இடம் பெற்ற முதல் பெண்.

கேள்வி: புகழ் வந்தபின் மேடையை மறந்துவிட்டாரா?

1986-இல், ஐம்பத்தெட்டு வயதில், 'பணிப்பெண் ஸெர்லினின் கதை'. ஒரு கிழட்டு வேலைக்காரி தன் பழைய காதலைச் சொல்லிக்கொண்டே போவாள், எதிரே ஒருவர் கேட்டுக்கொண்டிருப்பார், அவ்வளவுதான் நாடகம். அதற்கு 1988-இல் பிரெஞ்சு நாடக விருதான மொலியேர் கிடைத்தது. 2017-இல் இறந்தார், 89 வயது. மோன்மார்த்ர் கல்லறையில் இருக்கிறார்.