லெபனான் தலைவர் கமால் ஜும்ப்லாத்தைக் கொன்றது யார்? அவருக்கு இந்தியாவோடு என்ன தொடர்பு?

ஏதோ பரீட்சைக்குப் படிக்கிறீர்கள் போல. அதற்குத் தேவையானதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

ஜும்ப்லாத், ட்ரூஸ் என்ற சிறுபான்மை மதப்பிரிவின் பெரிய குடும்பத்தில் பிறந்தவர். 1949-ல் முற்போக்கு சோஷலிஸ்ட் கட்சியைத் தொடங்கினார். லெபனானில் ஜனாதிபதி மரோனைட் கிறிஸ்தவர், பிரதமர் சன்னி, சபாநாயகர் ஷியா என்பது 1943-லிருந்து வந்த ஏற்பாடு. நாடாளுமன்றத்திலும் அப்போது கிறிஸ்தவர் 6, முஸ்லிம் 5 என்று கணக்கு இருந்தது. இந்த மதப் பங்கீடே கூடாது என்றவர் அவர். 1975-ல் உள்நாட்டுப் போர் தொடங்கியது. மறுவருடம் சிரியா படையோடு உள்ளே வந்தபோது எதிர்த்து நின்றார். 1977 மார்ச் 16 அன்று ஷூஃப் மலையில் பக்லீன் அருகே காரை மறித்துச் சுட்டுக் கொன்றார்கள். சிரிய உளவுத்துறையின் வேலை என்றே குடும்பம் சொல்லி வந்தது. 2025 மார்ச்சில் சிரியாவின் புதிய அரசு, இந்தக் கொலையில் குற்றம்சாட்டப்பட்டவரான, விமானப்படை உளவுத்துறையின் பழைய தலைவர் இப்ராஹிம் ஹுவைஜாவைப் பிடித்தது.

இந்தியத் தொடர்புதான் என்னை மாட்டிவிட்டது. ஜும்ப்லாத், திருவனந்தபுரத்து வேதாந்தி ஆத்மானந்தா கிருஷ்ண மேனனைக் குருவாகக் கொண்டவர். நான் நாகர்கோவில்காரன். பக்கத்து ஊர்க் குருவுக்கு லெபனானில் சீடர் என்றால் சந்தோஷம் வராதா? 2006-ல் குவைத்தில் ஒரு அச்சகத்தில் இருந்தேன். எங்கள் போர்மேன் ஷூஃப் மலைக்காரர், கிறிஸ்தவர். சுலைமானி (பால் சேர்க்காத டீ) குடிக்கும் நேரத்தில், "உங்க ஊர் ஜும்ப்லாத் எங்க ஊர்ப் பக்கம் வந்தவராமே, மகான்!" என்று சொல்லிவிட்டேன்.

அவர் மண்ணெண்ணெய் நனைத்த துணியால் விரல் இடுக்கில் மையைத் துடைத்துக்கொண்டிருந்தார். துடைத்த கை அப்படியே நின்றது. வேஸ்ட் தாள் ஒன்றை எடுத்துப் பின்பக்கத்தில் கோடு போட்டார். "இது ரோடு. இங்கே அவரைச் சுட்டாங்க. இது எங்க கிராமம். ரேடியோவில் செய்தி வந்தது, பொழுது சாயறதுக்குள்ள எங்க மாமா இல்லை." அப்போது அவருக்கு 11 வயது. அவருடைய மாமாவுக்கு மலையை விட்டு வெளியே ஆளே தெரியாதாம், தோட்டத்து ஆப்பிள்தான் உலகம். சுட்டது யார் என்றே தெரியாமல், ஆத்திரத்தில் கிளம்பிய ட்ரூஸ் கூட்டம் அக்கம்பக்கத்துக் கிறிஸ்தவர்கள் நூற்றுக்கும் மேற்பட்டவர்களைக் கொன்றது.

உடனே ட்ரூஸ்களைக் குறை சொல்கிறேன் என்று சண்டைக்கு வராதீர்கள். அந்தப் போரில் எல்லாப் பக்கமும் கொன்றார்கள், ட்ரூஸ் கிராமங்களும் அழுதன. ஜும்ப்லாத்தின் சகோதரியையே 1976-ல் பெய்ரூத்தில் வீடு புகுந்து கொன்றார்கள். அவரைப் பற்றி எழுதுகிற நம் ஆட்கள் வேதாந்தத்தையும் துப்பாக்கிச் சூட்டையும் எழுதுகிறார்கள், அன்று சாயங்காலத்தை விட்டுவிடுகிறார்கள் என்பதுதான் என் வருத்தம். நீங்கள் எழுதினால் அதையும் சேர்த்து எழுதுங்கள்.

2011-ல் நான் ஊர் திரும்பியபோது அந்த அச்சகம் கிராஜுவிட்டியில் பாதியைத்தான் கொடுத்தது. ஒன்பது வருட உழைப்பு, இன்னும் வயிறு எரிகிறது. அன்று எனக்காக முதலாளி அறைக்குள் போய்ச் சத்தம் போட்டவர் அந்தப் போர்மேன் ஒருவர்தான். ஹுவைஜா பிடிபட்ட செய்தி பார்த்ததும் அவருடைய பழைய குவைத் நம்பருக்கு அடித்தேன். வேறு யாரோ எடுத்தார்கள்.