விருது கொடுத்த அரசே படத்தை ஒளிபரப்ப மறுத்தால், ஆவணப்படக்காரர் என்ன செய்வார்?

கோர்ட்டுக்குப் போவார். ஆனந்த் பட்வர்தன் அதைத்தான் செய்தார். தன் படங்களைத் தானே தயாரித்து, இயக்கி, பெரும்பாலும் கேமராவையும் பிடித்தவர் அவர். 1992இல் வந்த ‘ராம் கே நாம்’ தேசிய விருது பெற்றது. ஆனாலும் தூர்தர்ஷன் அதை ஒளிபரப்ப மறுத்தது. நீதிமன்றம் சொன்ன பிறகே போட்டது. ‘வார் அண்ட் பீஸ்’ படத்தில் தணிக்கை வாரியம் பல வெட்டுகள் கேட்டது. மும்பை உயர் நீதிமன்றத்தில் வென்று ஒரு வெட்டும் இல்லாமல் வெளியிட்டார். இன்னொரு படத்துக்காக 2006இல் உச்ச நீதிமன்றம் வரை போய் ஜெயித்தார்.

என்னைக் கேட்டால், வழக்குகளைவிட அவருடைய பொறுமைதான் பெரிய விஷயம். 1997 ஜூலையில் மும்பை ரமாபாய் நகரில், அம்பேத்கர் சிலை அவமதிக்கப்பட்டதை எதிர்த்துத் திரண்ட தலித் மக்கள்மீது போலீஸ் சுட்டதில் பத்துப் பேர் இறந்தார்கள். அந்த வேதனையில் தற்கொலை செய்துகொண்டார் பாடகர் விலாஸ் கோக்ரே. பட்வர்தனின் பழைய படமொன்றில் பாடியவர் அவர். அங்கே தொடங்கிய ‘ஜெய் பீம் காம்ரேட்’ 2011இல்தான் முடிந்தது. பதினான்கு வருஷம்! எந்த முதலீட்டாளர் அவ்வளவு காலம் காத்திருப்பார்? அதனால்தான் தயாரிப்பையும் அவர் தன் கையிலேயே வைத்துக்கொண்டார் என்று நினைக்கிறேன்.