வாசகர் கேள்வி: ஒன்றும் நடக்காத படமா?

கேள்வி: பிரெஞ்சு இயக்குநர் எரிக் ரோமரின் ‘தி கிரீன் ரே’ படத்தைக் கல்லூரித் தோழிகளோடு பார்த்தேன். விடுமுறைக்கு எங்கே போவதென்று தெரியாமல் ஒரு பெண் அலைகிறாள், அழுகிறாள், பேசுகிறாள், அவ்வளவுதான். கேமராவை ஓடவிட்டு எடுத்ததுபோல் இருக்கும் இதை ஏன் கொண்டாடுகிறார்கள்? எங்கள் அல்சூர் பகுதியை வைத்துக் குறும்படம் எடுக்கும் எண்ணம் இருப்பதால் கேட்கிறேன்.
– ஒரு வாசகி, அல்சூர், பெங்களூரு

பதில்: ஓடவிட்டு எடுத்ததுபோல் உங்களுக்குத் தோன்றியதே ரோமருடைய உழைப்பின் பலன். 1986-இல் வெனிஸ் திரைப்பட விழாவில் தங்கச் சிங்க விருது பெற்ற அந்தப் படம், நாயகி டெல்ஃபின் போகும் ஊர்களுக்கே மிகச் சிறிய குழுவோடு சென்று, 16 மி.மீ. சுருளில் எடுக்கப்பட்டது. வசனத்தின் பெரும்பகுதியை டெல்ஃபினாக நடித்த மரி ரிவியேரும் உடன் நடித்தவர்களும் படப்பிடிப்பின்போதே பேசி உருவாக்கினார்கள். ரோமருடைய மற்றப் படங்கள் பெரும்பாலானவற்றிலோ வசனம் முன்னதாகவே எழுதப்பட்டுவிடும். ஆயினும் பார்ப்பவர் காதுக்கு இரண்டும் ஒரே இயல்போடுதான் ஒலிக்கின்றன. ஆகவே அந்த இயல்புக்குக் காரணம், இடத்திலும் பருவத்திலும் அவர் காட்டிய பிடிவாதம் என்றே நான் கருதுகிறேன். ‘மை நைட் அட் மாட்ஸ்’ (1969) கதை கிறிஸ்துமஸை ஒட்டி நடப்பது; நாயகன் அந்த ஆண்டு கிடைக்கவில்லை என்றதும், வேறு மாதத்தில் எடுத்துச் சமாளிக்காமல் அடுத்த கிறிஸ்துமஸ் வரை காத்திருந்தார். நீங்கள் பார்த்த படத்தில் தேதிகளை எழுதிக் காட்டுவதும் இதே அக்கறைதான்: பாரிஸ்காரர்கள் ஊரைக் காலிசெய்துவிட்டு விடுமுறைக்குப் போகும் கோடை நாட்கள் ஒவ்வொன்றாகக் கழிவதால்தான் அவள் தனிமை கூடுகிறது.

ஒன்றும் நடக்கவில்லை என்கிறீர்களே, ஷெர்பூர் என்ற கடலோர ஊரில் நடக்கும் அந்த உணவுக் காட்சியை மட்டும் மறுபடி பாருங்கள். தான் இறைச்சி உண்பதில்லை என்கிறாள் டெல்ஃபின். கெட்ட எண்ணம் ஏதுமின்றி ஒருவர் மாற்றி ஒருவர் காரணம் கேட்கிறார்கள். சொல்லச் சொல்ல அவள் தன் விளக்கத்திலேயே சிக்கிக்கொள்கிறாள். யாரும் குரலை உயர்த்துவதில்லை, அழவைக்கும் இசையும் இல்லை; ஆனாலும் அந்த மேசையில் அவள் எவ்வளவு தனியாக இருக்கிறாள் என்பது நமக்கு விளங்கிவிடுகிறது. உபசாரமே விசாரணையாக மாறும் இந்த அவஸ்தையை நம் வீட்டுப் பந்திகளில் அனுபவிக்காதவர் உண்டா?

உங்கள் குறும்படத்துக்கு முதலில் மாதத்தை முடிவுசெய்யுங்கள். அல்சூர் ஏரிக்கரை ஏப்ரல் வெயிலில் ஒன்று, மழைக்காலத்தில் வேறொன்று. கதை எந்த நாளில் நடக்கிறதோ அந்த நாளிலேயே எடுங்கள். நடிப்பவர்களோடு முன்கூட்டியே உட்கார்ந்து பேசி, அதைப் பதிவுசெய்து கேட்ட பிறகு வசனம் எழுதுங்கள். ரோமரும் இப்படிச் செய்ததுண்டு. வீட்டில் தமிழ், தெருவிறங்கினால் கன்னடம், இரண்டுக்கும் நடுவே ஆங்கிலம் என்று உங்கள் பகுதியில் ஒரே ஆள் மாறி மாறிப் பேசுவாரே, அதை ‘நல்ல தமிழாக’த் திருத்திவிடாதீர்கள். ஒலியையும் அங்கேயே, அப்போதே பதிவுசெய்யுங்கள். ஆட்டோ இரைச்சல் வசனத்தை விழுங்குமானால், பிறகு டப்பிங்கில் சரிசெய்துகொள்ளலாம் என்று விடாமல், விடியற்காலையிலேயே படப்பிடிப்பை வைத்துக்கொள்ளுங்கள்.